பொட்டுக்கு அடியில்

செவ்வாய்க்கிழமை, இரவு

நெற்றியில் இருக்கும் கட்டியை ஸ்டிக்கர் பொட்டின் பசையால் வந்த அலர்ஜி என்றே நினைத்திருந்தேன். பொட்டுக்கு அடியில் மறைந்து கிடந்தது.

இன்று கேம்ப் ரோடு தோல் டாக்டர் பொட்டை எடுக்கச் சொல்லி, லென்ஸ் வைத்து வெகுநேரம் பார்த்தார். "அலர்ஜி இல்லம்மா. அபூர்வமா வர்ற ஒரு கட்டி. கேன்சர் இல்லன்னுதான் தோணுது. ஆனா கொஞ்சம் சதை எடுத்து டெஸ்ட் பண்ணாதான் உறுதியா சொல்ல முடியும்," என்றார். நான் உச்சரிக்கப் பயந்த வார்த்தையை அவரே சொல்லிவிட்டார். "வேகமா வளர்ந்துச்சா?" என்றும் கேட்டார்.

"இல்ல டாக்டர், ரொம்ப நாளா அப்படியேதான் இருக்கு." அப்படித்தான் நம்பினேன்.

வீட்டில் இவர், "அதான் இல்லன்னுட்டாரே, இன்னும் எதுக்குப் பேயறைஞ்ச மாதிரி உக்காந்திருக்கே?" என்றார். டாக்டர் இல்லை என்று சொல்லவில்லை. தோணுது என்றுதான் சொன்னார்.

முகம் கழுவப் போனேன். குளியலறைக் கண்ணாடியில் நான் கழற்றி ஒட்டிய பழைய பொட்டுகள் வரிசையாக இருந்தன. ஒவ்வொரு தடவையும் கட்டி மறைகிற அளவாகப் பார்த்துத்தானே வாங்கினேன். பொங்கலுக்கு வைத்தது மிளகளவு. அடுத்தது பட்டாணி அளவு. நேற்று வைத்தது ஒரு ரூபாய்க் காசு அளவு.

அதைவிடப் பெரிய பொட்டு கடையில்கூட இல்லை.