கயிறு பிடிச்சவன் சொல்லி எழுதுனது

பாப்பா, ஏ பாப்பா, இருக்கியா? காதுல மாட்டியிருக்கிறதைக் கழட்டி வச்சுட்டு இப்படி உக்காரு. நல்லா இருக்கியாம்மா? மாப்பிள்ளை சுகமா? வேளைக்குச் சாப்பிடுறியா, இல்ல இன்னும் அந்தக் கம்ப்யூட்டர் முன்னாடியே தட்டை வச்சுக்கிட்டு, ஒரு கையில சாப்பாடு, ஒரு கையில பதிவு பண்ணுன அடுத்தவங்க பேச்சை வெட்டி ஒட்டுறதுன்னு இருக்கியா? இங்க என் வலது முட்டியைத் தவிர மத்த எல்லாரும் சுகம். முட்டி மட்டும் படி ஏறும்போது தனியாப் பேசுது. எப்பவும் போல நான் சொல்லச் சொல்ல உங்கம்மாதான் எழுதுறா. எனக்கு எழுத்துன்னா என் கையெழுத்தோட சரி, அதுவும் கோணல். சுத்தி வளைக்காம சொல்லுங்க, பேனாவுல மை கொஞ்சம்தான் இருக்குன்னு இப்பவே ஆரம்பிச்சுட்டா. நீ கூரியர்ல அனுப்புன காகிதம் வந்து பதினோரு நாளாச்சு. கடிகாரத்துக்குக் கீழ சொருகி வச்சிருக்கேன். நான் சொன்னதெல்லாம் நெசமா நடந்தது, இதை ஊருக்கெல்லாம் கேக்கப் போடலாம்னு அதுல இருக்குதாம், உங்கம்மா படிச்சுக் காட்டினா. கையெழுத்துப் போடுற இடத்துல நீ பென்சில்ல சின்னதா ஒரு பெருக்கல் குறி போட்டிருக்க. அடுத்த மாசம் முதல் வெள்ளிக்கிழமை புதுத் தொடர் வருதுப்பா, முதல் கதையே உன் கதைதான்னு எவ்வளவு ஆசையா சொன்ன. என்னால இன்னும் அதுல கையெழுத்துப் போட முடியலம்மா. ஏன்னு சொல்லத்தான் இந்தக் கடுதாசி. போன்லயே சொல்லிடலாம்னு ரெண்டு தடவை பாத்தேன். முதல் தடவை நீ எடுக்கல. ரெண்டாவது தடவை எடுத்த, நான் என்ன பண்ணேன், எதிர்வீட்டுத் தையல்காரரோட மாடு மாடி ஏறிட்டு இறங்கத் தெரியாம நின்ன கதையைச் சொல்லிட்டு வச்சுட்டேன். என் வாய் அப்படி, கிழக்க அனுப்புனா மேற்க போய் நிக்கும். கடுதாசின்னா உங்கம்மா எதிர்ல பேனாவோட உக்காந்து முறைப்பா, தப்பிக்க முடியாது.

ஆனா அதுக்கு முன்னாடி அந்த டேப் ரிக்கார்டரைச் சொல்லிட்டுத்தான் வரணும். உனக்கு ஒம்பது வயசு. ரேடியோ ரிப்பேர்காரர், யாரோ குடுத்துட்டுத் திரும்ப வாங்க வராத ரிக்கார்டரை உன்கிட்ட குடுத்தார். அதுக்கு மூடி நிக்காது. நம்ம டியூப் மாமா, அதான் முக்குல பஞ்சர் கடை வச்சிருக்கிற என் சிநேகிதன், பழைய சைக்கிள் டியூபை வளையமா நறுக்கி அதுல மாட்டி விட்டான். அன்னையிலேர்ந்து வீட்டுல ஒருத்தரும் நிம்மதியா வாயைத் திறக்க முடியல. குழாய் சொட்டுறதைப் பிடிச்ச, தையல் மெஷின் ஓடுறதைப் பிடிச்ச, உங்கம்மா என்னைத் திட்டுனதைப் பிடிச்ச. மறுநாள் அதை நீ போட்டுவிட, இவ அடுப்படியிலேர்ந்து டேப்புக்கே பதில் பேச ஆரம்பிச்சுட்டா, ரெண்டு பொண்டாட்டிக்காரன் மாதிரி நான் நடுவுல நின்னேன். இதை எழுத மாட்டேங்கறா. எழுதுடி, பொண்ணு சிரிக்கட்டும். அப்புறம் ஒரு சாயங்காலம் பஞ்சர் கடை பெஞ்சுல என்னை உக்கார வச்சு, அப்பா, அந்த பஸ்ஸு கதையைச் சொல்லுன்ன. நானும் சொன்னேன். நீ பிறக்குறதுக்கு நாலு வருஷம் முந்தி, மழைக்காலத்துல, மில்லு பஸ்ஸு தரைப்பாலத்துலேர்ந்து வழுக்கி வெள்ளத்துல சாஞ்சதையும், உள்ள ஆறு பேர் மாட்டுனதையும், நான் லாரி டியூபை மாட்டிக்கிட்டு இடுப்புல கயித்தைக் கட்டிக்கிட்டுக் குதிச்சு, பின்பக்கக் கண்ணாடியை உடைச்சு, ஒவ்வொருத்தரா ஆறு பேரையும் கரையேத்துனதையும். கடைசியில உள்ளங்கையை விரிச்சு, கயிறு அறுத்த தழும்பைக் காட்டினேன். அன்னைக்கு அந்தப் பட்டன் மேல வச்ச விரலை நீ இன்னைக்கு வரைக்கும் எடுக்கல. அந்தக் கதையைக் கேட்டுத்தான்பா நான் இந்த வேலைக்கே வந்தேன்னு நீ சொல்லுவ. சொல்லும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு ஒரு பக்கம் பூரிக்கும், இன்னொரு பக்கம் முள்ளு குத்தும்.

நீ டிவி கம்பெனில சேந்ததெல்லாம் நேத்து மாதிரி இருக்கு. முதல் ரெண்டு வருஷம் ஜன்னலே இல்லாத ஒரு ரூம்ல உக்கார வச்சு, மத்தவங்க எடுத்த பேட்டியைக் கேட்டு எத்தனாவது நிமிஷத்துல யார் என்ன சொன்னாங்கன்னு எழுத விட்டாங்க. என் பொண்ணுக்குக் கேக்குறதுக்குச் சம்பளம்யான்னு நான் தையல்காரர்கிட்ட பெருமையா சொன்னா, எனக்கு முப்பது வருஷமா வீட்டுல சும்மாவே கேக்க விடுறாங்களேன்னார் மனுஷன். அப்புறம் தண்ணி லாரி ஓட்டுறவங்களைப் பத்தி நீயே முழுசா எடுத்தியே, அது டிவில வந்த அன்னைக்கு நம்ம தெருவே நம்ம கூடத்துலதான். கடைசியில உன் பேர் வரும்னு எல்லாரும் மூச்சைப் பிடிச்சுக்கிட்டு இருக்காங்க. பேரெல்லாம் எறும்புக் கூட்டம் மாதிரி விர்ருனு மேல ஓடிருச்சு. சரியா அந்த நேரம் பாத்து தையல்காரர் தும்மிட்டார். பேரே வரலன்னு அவர், வந்துச்சுன்னு நான், சண்டையாயிருச்சு. ஒரு வாரம் என் சட்டைக்குப் பட்டன் தைச்சுத் தரல. அப்புறம் அந்த மாதிரி நிகழ்ச்சியெல்லாம் யாரும் பாக்குறதில்லன்னு கம்பெனிக்காரங்க நிறுத்துனாங்க, நீ வேலையில்லாம துணி அலமாரிக்குள்ள மைக்கை வச்சுக்கிட்டுச் சொந்தமா பேசி, எல்லாரும் போன்ல கேக்குற மாதிரி போட ஆரம்பிச்ச. எதிரொலி வராம இருக்கத் துணிக்கு நடுவுல உக்காந்திருக்கன்னு எங்களுக்குத் தெரியுமா? உன்னைப் பாக்க வந்த உங்கம்மா சேலை எடுக்கக் கதவைத் திறந்து, உள்ள நீ கும்மிருட்டுல உனக்கு நீயே பேசுறதைப் பாத்துட்டு எனக்குப் போன் போட்டு, ஏங்க, புள்ளைக்கு ஏதோ ஆயிடுச்சுன்னு அழுதா பாரு. அந்த அலமாரிலேர்ந்து கிளம்புன குரலை இன்னைக்கு அவ்வளவு பேர் கேக்குறாங்க. பஸ்ஸுல பக்கத்து சீட்டுக்காரி போன்ல உன் குரல் வந்தப்ப, உங்கம்மா இறங்க வேண்டிய இடத்தையே விட்டுட்டா.

நான் மறக்காதது வேற ஒண்ணும் இருக்கு. போன வருஷம் ஒரு ஆள், நான் அங்கதான் இருந்தேன், கண்ணால பாத்தேன்னு சொன்னதை நம்பி நீ போட்ட. அன்னைக்கு அவர் அங்க இல்லவே இல்லன்னு அப்புறம் தெரிஞ்சுது. நீ அவரைத் திட்டல. உன் குரல்லயே, இது என் தப்பு, நான் ஒழுங்கா விசாரிக்கலன்னு சொல்லிட்டு அந்தக் கதையையே எடுத்துட்ட. நான் போனை நாற்காலி மேல வச்சுட்டு எதிர்ல நின்னு கேட்டேன், உக்காரத் தோணல. இந்த வேலையில ஒரு தடவை பொறுத்துக்குவாங்கப்பா, ரெண்டாவது தடவை இப்படி ஆச்சுன்னா என் பேரைக் கேட்டாலே நகந்து போயிடுவாங்கன்னு மறுநாள் சொன்ன. அப்பவே நான் வாயைத் திறந்திருக்கணும். மாட்டுக் கதை அப்பவும் ஒண்ணு இருந்துச்சு, அதைச் சொன்னேன்.

அப்புறம் அந்த பஸ்ஸு கதையைத் திரும்பப் பதிவு பண்ண மைக்கைத் தூக்கிக்கிட்டு இங்கயே வந்துட்ட. ஜன்னல் பூரா தலைகாணி, ஃபேன் கூடாது, பிரிட்ஜ் கூடாது. அணைச்ச பிரிட்ஜைத் திரும்பப் போட மறந்து, மறுநாள் அடுப்படி பூரா தண்ணி. எல்லாரும் ஒரு நிமிஷம் பேசாம இருங்க, இந்த ரூம் சும்மா இருக்கிற சத்தம் எனக்கு வேணும்ன. சும்மா இருக்கிறதுக்கு என்னடி சத்தம்னு எனக்கு ஒண்ணும் விளங்கல, அந்த ஒரு நிமிஷத்துலயும் மூணு தடவை இருமித் தொலைச்சேன். கதையை நல்லாத்தான் சொன்னேன். சொல்லி முடிச்சதும் நீ ஒண்ணுமே பேசாம என்னையே பாத்துக்கிட்டு இருந்த. உன் வழக்கம் எனக்குத் தெரியும், நீதான் முந்தி ஒரு நாள் சொல்லியிருக்க, ஒருத்தர் பேசி முடிச்சதும் உடனே அடுத்ததைக் கேக்கக் கூடாது, மனசுக்குள்ள அஞ்சு எண்ணணும், அஞ்சுக்குள்ள அவங்களா ஒண்ணு சொல்லுவாங்க, அதுதான் உள்ளதுன்னு. நீ எண்ணுன. நானும் எண்ணுனேன். நாலு வரைக்கும் வந்துருச்சு பாப்பா, நாக்கு நுனிக்கு. நாலரைக்கு, நீ பிறந்தப்ப இந்த ஜன்னலுக்குப் பச்சை பெயிண்ட்டுன்னு வேற கதையை ஆரம்பிச்சுட்டேன். நீயும் சிரிச்சுக்கிட்டு மைக்கை அணைச்சுட்ட. பழைய பேப்பரைத் தேடிப் பாத்துட்டேன்பா, ஆறு பேரைக் காப்பாத்தின வாலிபர்னு இருக்கு, பேர் போடலன்ன. ஊர்ல எல்லாரையும் குடைஞ்சு குடைஞ்சு விசாரிக்கிறவ, அப்பாதானேன்னு என்னை மட்டும் விட்டுட்ட.

இப்ப சொல்றேன். தண்ணிக்குள்ள குதிச்சது நான் இல்ல. டியூப் மாமா. டியூபும் அவன் கடை டியூபுதான். நான் அப்ப மர டிப்போவுல லோடு ஏத்திக்கிட்டு இருந்தேன், லாரிக்குக் கட்டுற கயித்தைத் தூக்கிக்கிட்டு ஓடுனேன், கரையில நின்னு பிடிச்சேன். தழும்பு நெசம், கதை அவனோடது. அவனைத்தான் உனக்குத் தெரியுமே, ஒரு நாளைக்கு நாலு வார்த்தை பேசினா அஞ்சாவதுக்கு மூச்சு வாங்கும். வந்து கேட்டவங்ககிட்டல்லாம், ஆமா, எடுத்தேன்னு சொல்லிட்டு வீலைத் திருப்பிக்கிட்டு இருப்பான். ஜனங்க சப்புன்னு போயிடுவாங்க. எனக்கு வாய் வராதுடா, நீ சொல்லுன்னு என்னைத் தள்ளி விட்டான். நானும் முதல்ல அவன் குதிச்சதாத்தான் சொன்னேன். ஒரு நாள் வெளியூர் லாரி டிரைவர் ஒருத்தர் பஞ்சருக்காக நிக்கிறார், கதை நல்லா சூடு பிடிச்சுருச்சு, கதையில நடு வெள்ளம் வரும்போது அவனை எடுத்துட்டு என்னை வச்சுட்டேன். அந்த டிரைவர் எந்திரிச்சு வந்து என் தோளைப் பிடிச்சார் பாரு. டியூப் மாமா நிமிந்து பாத்தான், சிரிச்சான், குனிஞ்சு காத்து அடிச்சான். அடுத்த தடவை திருத்திக்கலாம்னு நினைச்சேன். அடுத்த தடவை வந்து கேட்டது உங்கம்மாவோட அப்பா. அந்தக் கதைக்காகத்தான் அவர் பொண்ணையே குடுத்தார்.

இந்த இடத்துல உங்கம்மா பேனாவைக் கீழ வச்சுட்டா. நான் அஞ்சு எண்ணல, அம்பது எண்ணியிருப்பேன். எந்திரிச்சு உள்ள போனா, பாத்திரத்தை உருட்டினா, ஒரு சொம்புத் தண்ணி குடிச்சா, வந்து உக்காந்தா. பேனாவை எடுத்துக்கிட்டு, கல்யாணமான நாள்லேர்ந்து ஆத்துக்குக் குளிக்கப் போனா நீங்க முட்டித் தண்ணியைத் தாண்டுனது கிடையாது, உங்களுக்கு நீச்சல் தெரியாதுங்கறதையும் சேத்து எழுதட்டுமான்னா. எழுதிக்கோன்னு தலையாட்டினேன். எழுதிக்கிட்டா.

முந்தாநாள் அவன் கடைக்குப் போனேன். அதே முக்குதான், பெஞ்சு மட்டும் மாறியிருக்கு. டேய், பாப்பா அந்தக் கதையை உலகத்துக்கே போடப் போறா, நான் அவகிட்ட உண்மையைச் சொல்லப் போறேன், என்னை மன்னிச்சுக்கடான்னேன். அவன் டியூபைத் தண்ணில முக்கிக் குமிழி வருதான்னு பாத்துக்கிட்டே இருந்தான். எவ்வளவு நேரம் தெரியுமா, அந்த ஓட்டையைக் கண்டுபிடிச்சு, தேய்ச்சு, ஒட்டி முடிக்கிற வரைக்கும். அப்புறம் கேட்டான், பாப்பா என்னைக்கு வருதுன்னு. பேசுறியாடான்னேன். பேசுறேன், நீ பக்கத்துல உக்காரணும், வாயைத் திறக்கக் கூடாதுன்னான். இவ்வளவு நீளமா அவன் பேசி நான் கேட்டதே இல்ல. சரின்னுட்டேன். செத்தாலும் இருமக்கூட மாட்டேன்.

அதனால அந்தக் காகிதத்தைக் கையெழுத்தில்லாமத் திருப்பி அனுப்புறேன். கோவப்படு, உனக்கு உரிமை இருக்கு. கயிறு பிடிச்சேன்னு மட்டும் எழுதி வேற ஒண்ணு அனுப்பு, அதுல போடுறேன். வெள்ளிக்கிழமைக்குள்ள முடியலன்னா வேற கதையை முதல்ல விடு, இது காத்திருக்கட்டும், அவன் இவ்வளவு வருஷம் காத்திருக்கலயா. ஒண்ணே ஒண்ணு ஞாபகம் வச்சுக்க. அந்தப் பழைய டேப்புல நான் பேசுறதுக்குப் பின்னால புஸ்ஸு புஸ்ஸுன்னு ஒரு இரைச்சல் வருது, கம்ப்யூட்டர்ல அதைத் துடைச்சுடுவேன்ப்பான்னு சொன்னியே, துடைக்காதம்மா. அது அவன் காத்தடிக்கிற பம்பு. நான் குதிச்சேன் குதிச்சேன்னு உனக்குச் சொல்லிக்கிட்டு இருக்கேன், குதிச்சவன் ரெண்டு முழம் தள்ளி நின்னு சைக்கிளுக்குக் காத்தடிக்கிறான். அது கேக்கட்டும் எல்லாருக்கும்.

உடம்பைப் பாத்துக்க. காதுக்கு ராத்திரியாவது ஓய்வு குடு. வரும்போது பிரிட்ஜைத் திரும்பப் போட யாராவது ஒருத்தருக்கு ஞாபகம் இருக்கட்டும். நீ தொட்டது துலங்கணும், உன் பேருக்கு ஒரு சொல் வராம நீ நூறு வருஷம் நல்லா இருக்கணும் கண்ணு. மாப்பிள்ளைக்கு எங்க ஆசீர்வாதம்.

இப்படிக்கு,
கரையில நின்ன உன் அப்பா
(கோணலா இருக்கிறது என் கையெழுத்து, மத்ததெல்லாம் உங்கம்மா)

பாப்பா, விட்டுப் போச்சு, அஞ்சாவது ஆளை அவன் இழுத்துக்கிட்டு வரும்போது பெரிய கட்டை ஒண்ணு வந்து மோதி, கயிறு என் கையை அறுத்துக்கிட்டு ஓடுச்சு, பக்கத்துல நின்னவங்க விட்டுடுடா, நீயும் போயிடுவன்னு கத்துறாங்க, இதை நான் எந்தக் கதையிலயும் சொன்னதே இல்ல, ஏன்னா கதையிலதான் நான் தண்ணிக்குள்ள இருந்தேனே, கரையில யாரைக் காட்டுறது, அப்ப நான் என்ன பண்ணேன்னா, இரு, வாசல்ல சைக்கிள் மணி, டேய்னு ஒத்தைக் குரல், அவனேதான், வந்துட்டேன்டா, பாப்பாவுக்குத்தான் எழுதிக்கிட்டு இருக்கேன், அந்தக் கயித்தை மட்டும் நான் விடல பாப்பா.