உடையகூடியது

20-11-2006, திங்கள்

கடைசியாக உறுதியான தகவல்: 15ஆம் தேதி காலை ஏழு மணிக்கு 'பெரியநாயகி' தோணி வயர்லெஸ்ஸில் பேசியிருக்கிறது. இன்ஜின் நின்றுவிட்டது, பார்த்துக்கொண்டிருக்கிறோம் என்றார்களாம். சொன்னவர் விருத்தகிரி, கடலூர் முதுநகரில் அந்தத் தோணிக்கு ஏஜென்ட். நீங்களே கேட்டீர்களா, கேட்டவர் வந்து சொன்னாரா என்று இரண்டு முறை கேட்டேன். தானே கேட்டதாகச் சொன்னார்.

16ஆம் தேதி வங்கக் கடலில் தாழ்வு மண்டலம். தோணி நேற்று போர்ட் பிளேர் சேர்ந்திருக்க வேண்டும். சேரவில்லை. இதுவும் உறுதி.

தோணியில் எட்டுப் பேர். ஏழு பேர் கடலூர் மாலுமிகள். எட்டாவது ஆள் என் மருமகன் மாணிக்கவேல். அவர் மாலுமி இல்லை. என் மகள் பானுமதி வேலை செய்யும் பீங்கான் கம்பெனி, அந்தமானில் கட்டுகிற சுனாமி வீடுகளுக்குக் கக்கூஸ் கோப்பை அனுப்புகிறது. அந்தச் சரக்குக்குத் துணையாகப் போனவர்.

வீட்டில் "மழை, லேட்டாகும்" என்று மட்டும் சொல்லி வைத்திருக்கிறேன். முப்பத்தோரு வருடமாகச் செய்தி எழுதுகிறேன். உறுதியாகாததைச் சொல்வதில்லை என்பது என் கொள்கை. உறுதியானதை மறைக்கிறேனே, இது எந்தக் கொள்கை?

21-11, செவ்வாய்

போன் அடித்தது. ராங் நம்பர். ரிசீவர் கையிலிருந்து விழுந்துவிட்டது. என் மனைவி அம்புஜவல்லி அடுப்படி வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். ஒன்றும் கேட்கவில்லை. அதுதான் பயமாக இருக்கிறது.

22-11, புதன்

இன்று கேட்டுவிட்டாள். "ஏங்க, எங்கிட்ட மறைக்கறது மறைச்சிக்கோங்க. புள்ள மூஞ்சியப் பாத்து எப்படிங்க சோறு திங்கறீங்க?"

பானுமதியைக் கூப்பிட்டு உட்காரவைத்துச் சொன்னேன். இன்ஜின் நின்றது, பிறகு பேச்சு இல்லை என்பது வரைக்கும். அவள் அழவில்லை. "இன்ஜின் நின்னா தோணி என்னாப்பா ஆவும்?" என்றாள்.

"தோணிக்கு ரெண்டு பாய்மரம் இருக்குதும்மா. காத்துலயே வந்துடும். கட்டும்போதே பாத்தவன் நான்."

உண்மைதான். 1998இல் மரக்கப்பல் கட்டுவதைப் பற்றி ஞாயிறு மலரில் ஆறு வாரம் எழுதினேன். உப்பனாற்றங்கரையில் ராஜாங்கம் மேஸ்திரி கட்டிய இந்தத் தோணியைத்தான் ஏராக்கட்டை என்கிற அடிமரம் வைத்த நாளிலிருந்து பார்த்து எழுதினேன். அந்தப் பக்கத்தை ஓனர் கண்ணாடி போட்டு மாட்டியிருப்பதாக விருத்தகிரி சொல்வார். இந்தப் பயணத்துக்கு மாப்பிள்ளை தயங்கியபோது அந்த இரண்டு பாயைச் சொல்லித் தைரியம் கொடுத்தவனும் நான்தான்.

சரக்குக் கட்டிய நாள் நினைவுக்கு வருகிறது. கோப்பைக்கு வைக்கோல் சுற்றிச் சாக்கில் வைத்துத் தைத்து, மேலே எழுத்து வெட்டிய தகரத் தகட்டை வைத்துக் கறுப்புப் பெயிண்ட் அடிக்கிறார்கள்: 'கவனம் உடையகூடியது'. தகட்டை வெட்டியது பானுமதி. பார்த்ததும் வாய் சும்மா இருக்கவில்லை எனக்கு.

"உடையக்கூடியது. ஒற்று மிகும். 'க்' எங்கே?"

"சாக்குக்கு எதுக்குப்பா இலக்கணம்? தகடு வெட்டியாச்சு. ஆயிரத்து இருநூறு சாக்குல அடிச்சும் ஆச்சு."

மாப்பிள்ளை சிரித்தார். "மாமா, 'க்' போட்டா மட்டும் உடையாதா?"

வழியில் கட்டுப் பிரிந்தால் தைத்துக்கொள்ள ஒரு கோணி ஊசியும் சணல் உருண்டையும் கொடுத்து அனுப்பினாள். அவர் ஊசியைச் சட்டைப் பையில் குத்திக்கொண்டு போனார்.

23-11, வியாழன்

வேலை ஓடவில்லை. பரணிலிருந்து 1998ஆம் வருடத்து நோட்டை இறக்கினேன்.

வங்கு என்கிற விலாக் கட்டைக்குக் கருவேலம். வளைந்து வளர்ந்த மரத்தைத் தேடிப் பிடிக்க வேண்டும், நேர் மரத்தை வளைத்தால் கடல் அதைத் திரும்ப நேராக்கிவிடும் என்கிறார் ராஜாங்கம். பக்கப் பலகைக்கு அயினி மரம். பலகைக்கும் பலகைக்கும் நடுவே பஞ்சைத் திணித்து, குங்கிலியமும் எண்ணெயும் காய்ச்சி அடைப்பதற்குக் கலப்பத்து என்று பெயர். கடலூரிலிருந்து துணி ஏற்றிக்கொண்டு பர்மாவுக்குப் போன கப்பல்கள் தேக்கு ஏற்றித் திரும்பின. அந்தத் தேக்கில் அடுத்த கப்பல் கட்டினார்கள். 'கப்பல் போய்க் கப்பலுக்கு மரம் கொண்டுவந்தது' என்று எழுதியிருக்கிறேன். அன்று அந்த வரி எனக்குப் பெருமையாக இருந்தது.

அச்சில் போடாத ஒரு பக்கமும் இருக்கிறது. பழைய துறைமுகப் பதிவேடு ஒன்றிலிருந்து எடுத்த நகல். கப்பலின் பெயர், நீளம், பாய்மரம் எத்தனை, புறப்பட்ட நாள், சேர்ந்த நாள். சில பெயர்களுக்கு எதிரே சேர்ந்த நாள் இல்லை. அங்கே இரண்டே சொல்: 'பின் செய்தியில்லை'. எண்ணினேன். ஒரே பக்கத்தில் ஐந்து.

இடம் போதவில்லை என்று அந்தப் பக்கத்தை விட்டுவிட்டேன். கட்டிய கதை மட்டும் போதும் என்று நினைத்திருக்கிறேன். நோட்டை மூடிவைத்த பிறகும் அந்த இரண்டு சொல் போகவில்லை.

24-11, வெள்ளி

மழை. மணிமுத்தாற்றில் தண்ணீர் இரு கரை தொட்டுப் போகிறது. செய்தி அனுப்பினேன். என்ன எழுதினேன் என்று நினைவில்லை.

25-11, சனி

இதை நிதானமாக எழுத வேண்டும்.

காலை பத்தரை மணிக்குக் கொளஞ்சியம்மாள் சூளைப் பக்கம் போனேன். பொம்மையும் விளக்கும் சுடுகிற சின்னச் சூளை, இன்னும் விறகுதான். மழையில் விறகு விலை ஏறியதைப் பற்றி நாலு வரி வேண்டியிருந்தது. கொட்டகைக்குள் புது லோடு கிடந்தது. பாதிக்கு மேல் கப்பல் மரம். துருப்பிடித்த ஆணி ஓட்டைகள், பலகை விளிம்பில் கலப்பத்துப் பஞ்சு.

நான் ஒவ்வொன்றாகப் புரட்டுவதைப் பார்த்துக் கொளஞ்சியம்மாள் சிரித்தாள். "என்னா சார், வெறவுக் கட்டைக்கிட்டல்லாம் பேட்டி எடுக்கறீங்க?"

"எங்கேர்ந்து வந்துது?"

"கடலூரு லாரி. கடலோரத்துல கெடந்த மரம்னான் டிரைவரு. எனக்கென்னா, எரிஞ்சா சரி."

அடியில் ஒரு கனத்த கட்டை. நடுவில் சதுரக் குழி. பாய்மரத்தின் அடி வந்து உட்காருகிற கட்டை அது. ராஜாங்கம் தான் செதுக்கும் ஒவ்வொரு கட்டையிலும் தோணியின் பெயரைச் சுருக்கி உளியால் வெட்டுவார். மண்ணைத் துடைத்தேன்.

'பெ.நா. முன்'.

பெரியநாயகி. முன் பாய்மரம்.

விறகின் மேலேயே உட்கார்ந்தேன். கொளஞ்சியம்மாள் தண்ணீர் கொண்டுவந்து, "சார், மூஞ்சி ஏன் இப்படி வெளுத்துப்போவுது? ஆரு கட்டை சார் அது?" என்றாள். கேட்ட விதம் பிணத்தைக் கேட்டதுபோல் இருந்தது. அதை மட்டும் சூளையில் வைக்காதீர்கள் என்றேன். நோட்டிலிருந்து தாளைக் கிழித்து எழுத்தின் மேல் வைத்துப் பென்சிலால் தேய்த்து எடுத்துக்கொண்டேன். அது இப்போது சட்டைப் பையில் இருக்கிறது.

வீட்டில் சொல்லவில்லை. ஒரு கட்டை ஆதாரம், முடிவு இல்லை. ஒரு கட்டை ஆதாரம், முடிவு இல்லை.

26-11, ஞாயிறு

முதல் பஸ்ஸில் கடலூர். ராஜாங்கம் மேஸ்திரி பழுதுக்கு வந்த படகின் அடியில் படுத்திருந்தார். தாளை நீட்டினேன். படுத்தபடியே பார்த்தார்.

"என் வெட்டுதான். பெரியநாயகி முன்மரத்துக் கட்டை. இதுக்கா மழையில வந்தீங்க?"

"அப்ப தோணி உடைஞ்சி…"

"ஒடைஞ்சிதா? அது எதுக்கு ஒடையணும்? போன ஆவணியில நான்தான் சார் பேத்து எடுத்தேன். சரக்கு எறக்கற வாய அகலமாக்கச் சொன்னாரு ஓனரு. முன்மரம் குறுக்க நின்னுது. எடுத்துக் கரையில போட்டோம், மழைக்கு முன்னாடி வெறவுக்காரன் அள்ளிக்கிட்டுப் போனான்."

மூச்சு வந்தது. ஒரு நிமிடம்கூட நிற்கவில்லை அந்த நிம்மதி.

"அப்ப தோணியில முன்பாய்?"

"இல்ல."

"நான் ரெண்டு பாயின்னு…"

"நீங்க போட்டப்ப ரெண்டு இருந்துது. கடலுக்கு உங்க பேப்பரு வராது சார்." பிறகு எழுந்து உட்கார்ந்தார். குரல் இறங்கியது. "பின்பாய் மட்டும் விரிச்சா மூக்கு காத்தப் பாத்துத் திரும்பிக்கிட்டே இருக்கும். ஒரு பக்கமாப் போவாது. முன்னால எதனா துணி நிக்கணும். ஆரு சார் உங்க ஆளு அதுல?"

சொன்னேன். அவர் உளியைக் கீழே வைத்துவிட்டார்.

திரும்பும்போது பஸ்ஸில் எழுதிக்கொண்டது: எட்டு வருடப் பழைய செய்தியைச் சரிபார்க்காமல் ஒரு மனிதரிடம் சொல்லிக் கடலுக்கு அனுப்பினேன். பிறகு அவர் மனைவியிடமும் அதையே சொன்னேன்.

27-11, திங்கள்

சொல்லவில்லை. மூன்று முறை வாயெடுத்தேன். பானுமதி இன்று வேலைக்குப் போனாள், சாக்குக்குப் பெயிண்ட் அடித்துவிட்டு வந்தாள். விரல் இடுக்கில் கறுப்பு.

28-11, செவ்வாய்

சொல்லிவிட்டேன். காலைச் சாப்பாட்டுக்கு முன்பு. பானுமதி தட்டை நகர்த்தினாள்.

"உங்களுக்கு எப்பத் தெரியும்?"

"ஞாயித்துக்கிழமை."

"பேப்பர்ல ஒரு பேரு தப்பா வந்தா மறுநாளே திருத்தம்னு போடுவீங்க. எனக்கு மட்டும் ரெண்டு நாளாப்பா?"

அம்புஜவல்லிகூட எனக்காக ஒரு வார்த்தை பேசவில்லை. பேசியிருந்தால் நான்தான் தடுத்திருப்பேன்.

"இனிமே என்னா தெரிஞ்சாலும், நல்லதோ கெட்டதோ, வந்த நிமிஷம் எனக்குச் சொல்லணும். உறுதியோ இல்லியோ, அத நான் பாத்துக்கறேன்."

சரி என்றேன்.

30-11, வியாழன்

கடலோரக் காவல்படை விமானம் இரண்டு நாள் தேடியது. ஒன்றும் தென்படவில்லை. சொன்னவர் விருத்தகிரி. வந்த நிமிடமே பானுமதியிடம் சொன்னேன். காற்று தென்மேற்காகத் தள்ளும், அந்தப் பக்கம் இலங்கை, அங்கே சண்டை நடக்கிறது, பெயர் தெரியாத தோணியைக் கண்டால் கேட்டுவிட்டுச் சுடமாட்டார்கள். அதையும் சொன்னேன்.

2-12-2006, சனி

காலை 9.40. விருத்தகிரி. இந்த முறை போனைப் பானுமதி பக்கத்தில் வைத்துக்கொண்டு பேசினேன்.

நேற்று மாலை ஒரு சரக்குக் கப்பல் ஒரு மரத்தோணியை இழுத்துவந்து திருகோணமலையில் விட்டிருக்கிறது. இலங்கைக் கடற்படை பிடித்து வைத்திருக்கிறது. பக்கத்தில் எழுதிய பெயர் அழிந்துவிட்டது. அங்குள்ள துறைமுக ஏஜென்ட் தமிழர், எட்ட நின்று பார்த்தவர், அவர் சொன்னது. "முன்னால ஒரு கழிய நட்டு, சாக்கச் சணல்ல தச்சிப் பாயாக் கட்டியிருக்காங்களாம் சார். சாக்குல எதோ எழுத்து."

"என்ன எழுத்து?"

"கவனம், உடையக்கூடியதுன்னு."

"அப்படியே எழுதியிருக்கா, அவர் படிச்சுச் சொன்னாரா? 'க்' இருக்குதா இல்லையான்னு கேளுங்க."

"சார்! உசுரு போற நேரத்துல ஒத்தெழுத்தா?"

"கேட்டுச் சொல்லுங்க."

இருபத்தைந்து நிமிடம். வாழ்நாளில் இவ்வளவு நீளமான இருபத்தைந்து நிமிடம் இல்லை. 10.10க்கு மறுபடி அடித்தது.

"ஒவ்வொரு எழுத்தா கேட்டுட்டேன் சார். உ, டை, ய, கூ…"

"நடுவுல 'க்'?"

"இல்லவே இல்லியாம். எல்லாச் சாக்குலயும் அதே தப்புதானாம்."

ரிசீவரைப் பொத்திக்கொண்டு பானுமதியைப் பார்த்தேன். "ஒற்று இல்லைம்மா," என்றேன். அவள் தரையில் உட்கார்ந்து, பெயிண்ட் போகாத இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டாள்.

விருத்தகிரி இன்னும் வைக்கவில்லை. "இன்னொண்ணு சார். ஏழு மாலுமிங்க உசுரோட எறங்கியிருக்காங்களாம்."

"ஏழு பேரா, ஏழு மாலுமியா?"

"மாலுமின்னுதான் சொன்னாரு."

"எட்டாவது?"

"அவரு பேரு மாலுமி லிஸ்ட்டுல இல்ல சார், தனிச் சீட்டு. தனியா வச்சிருக்காங்களா, இல்ல… தெரியல சார். தெரியாம நான் எப்படிச் சொல்றது?"

என் வாயில் வரும் பதில்தான். அவரைக் குறை சொல்ல முடியாது.

ஒரு தாளில் இரண்டு பத்தியாக எழுதிப் பானுமதியிடம் கொடுத்தேன்.

உறுதியானது: தோணி நம்முடையது. தையல் சணலில். சணலுக்குக் கோணி ஊசி வேண்டும்.

உறுதியாகாதது: தைத்தவர்.

அவள் வெகுநேரம் படித்தாள். அம்புஜவல்லி வாங்கிப் பார்த்துவிட்டு, மாப்பிள்ளையின் வேட்டி சட்டை ஒன்றை மடித்துப் பையில் வைத்தாள்.

நிலுவையில் இருப்பது: எட்டாவது பெயர். இறங்கியவர்கள் பட்டியல் திங்கட்கிழமை, 4ஆம் தேதி, காலை பதினோரு மணிக்கு விருத்தகிரியின் ஃபேக்ஸுக்கு வரும். ஏழு மணி பஸ்ஸில் மூன்று பேரும் போகிறோம்.