மூன்று நாளாக என்ன சாப்பிட்டாய்?

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுகிறேன். கிழித்துப் போடுவதென்றாலும் படித்துவிட்டுக் கிழி. போனைத்தான் எடுக்க மாட்டேன் என்கிறாய். நீ சிநேகிதன் வீட்டில் இருப்பதாக உன் பெண்டாட்டி சொல்லித்தான் தெரியும். உன் மகளுக்கு முன்பல் விழுந்துவிட்டது. அப்பாவிடம்தான் முதலில் காட்டுவேன் என்று டப்பாவில் போட்டு வைத்திருக்கிறாள்.

சுகாதார அலுவலகத்தில் என் வேலை உனக்குத் தெரியும். வயிற்றுப்போக்கோடு ஆஸ்பத்திரிக்கு வந்தவர்களிடம் மூன்று நாளாக என்ன சாப்பிட்டீர்கள் என்று கேட்டு எழுத வேண்டும். அந்த வாரம் முப்பத்தொரு பேரைக் கேட்டேன். பத்தொன்பது பேர் உன் கடை பர்கரைச் சொன்னார்கள். முப்பத்திரண்டாவதாக என் பெயரையே எழுதினேன். உன் கடையில் மூக்குப் பிடிக்கத் தின்றுவிட்டு இரண்டு நாள் கழிவறையே கதியென்று கிடந்தவள் நானும்தானே. நான் எழுதியதை வைத்து அலுவலகத்தில் உன் கடையை மூடியதும், கூடப் பிறந்தவளே கடைக்குப் பூட்டுப் போடலாமா என்று கேட்டுவிட்டுப் போனாய். அன்றிலிருந்து எனக்குச் சரியான தூக்கமில்லை.

இப்போது நல்ல செய்தி. போன வேகத்தில் பிரிட்ஜைக் காலி செய்யாமல் போனாயே, அதுதான் நம்மைக் காப்பாற்றியது. வேறு யாராயிருந்தாலும் பயத்தில் எல்லாவற்றையும் கொட்டிக் கழுவியிருப்பார்கள். பிரிக்காத முட்டை அட்டை ஒன்று அப்படியே இருந்தது. நோயாளிகளிடம் கண்ட அதே கிருமி அந்த முட்டையிலும் இருப்பதாக நேற்று ஆய்வுக்கூடத்திலிருந்து முடிவு வந்துவிட்டது. மீதிப் பன்னிரண்டு பேர் சாப்பிட்ட கேக் கடைக்கும் அதே பண்ணை முட்டைதான். அந்தப் பண்ணை முட்டை விற்பதை நிறுத்திவிட்டார்கள். ஒரு வாரமாகப் புது நோயாளி ஒருவர்கூட இல்லை. உன் பலகை, கத்தி எல்லாம் சுத்தம். என்னை முறைத்துக்கொண்டே நீ கொடுத்த மல மாதிரியிலும் ஒன்றுமில்லை, துரையே.

ஆனால் பர்கரில் தடவ, வேகவைக்காத பச்சை முட்டையில் மயோனைஸ் அடித்தது உன் தப்பு. அதை மறைக்க மாட்டேன். இனி அது கூடாது. திங்கட்கிழமை எங்கள் அலுவலகத்துக்கு வந்து கையெழுத்துப் போட்டால் மறுநாளே கடையைத் திறக்கலாம். முதல் ஆளாக நான் வந்து நிற்பேன்.

நாள் முழுக்க முன்பின் தெரியாதவர்களையெல்லாம் கேட்கிறேன். உன்னைத்தான் கேட்க முடியவில்லை. நேரத்துக்குச் சாப்பிடுகிறாயா? கோபம் தீராவிட்டாலும் பரவாயில்லை. மூன்று நாளாக என்ன சாப்பிட்டாய் என்று ஒரு வரி எழுது, ராஜா.

நீ நன்றாயிருக்க வேண்டும் என்றே நினைக்கும்,
அக்கா