உடன் வருபவர்

2023 செப்டம்பர் 11

இன்றிலிருந்து எங்கள் வீட்டு ஃப்ரிட்ஜ் ஆண்பால். கதவு பெண்பால். ஜன்னல் இரண்டும் இல்லை. என் மனைவி சத்யா மஞ்சள் காகிதத்தில் எழுதி எல்லாவற்றின் மேலும் ஒட்டிவிட்டு ஆஸ்பத்திரிக்கு டூட்டிக்குப் போய்விட்டாள். ஆறு மாசமாக ஜெர்மன் படிக்கிறாள். அந்த மொழியில் ஒவ்வொரு பொருளுக்கும் பால் உண்டாம். மனப்பாடம் பண்ணுவதைத் தவிர வேறு வழி கிடையாதாம்.

சாப்பிடும்போது அப்பா கேட்டார்: "கோழி என்னம்மா?"

"அது ரெண்டுமில்லீங்க மாமா. பொதுவா வெச்சிருக்காங்க."

அப்பா கையை உதறிவிட்டு யோசித்தார். எருமப்பட்டிப் பக்கம் முப்பது வருசமாகக் கோழிப்பண்ணை வைத்திருப்பவர். "தெனமும் முட்டை போடுதே. அப்பறமும் அந்த நாட்டுக்காரனுக்கு என்ன சந்தேகம்?"

2023 செப்டம்பர் 24

சேலம் போய் வந்தோம். வெளிநாட்டு வேலைக்கு ஆள் அனுப்பும் ஆபீஸ். என் பி.இ. மெக்கானிக்கல் சர்டிபிகேட்டை லேமினேட் செய்து எடுத்துப் போயிருந்தேன். எங்கள் கல்யாணப் பத்திரிகையில் அந்த பி.இ. என் பெயரைவிடப் பெரிய எழுத்தில் இருந்தது. சத்யாவின் பி.எஸ்சி. நர்சிங்குக்கு இடம் பற்றாமல் அடைப்புக்குறிக்குள் போட்டிருந்தார்கள்.

ஆபீஸில் தேவிப்ரியா என்று ஒரு மேடம். சத்யாவின் அஞ்சு வருச டயாலிசிஸ் அனுபவத்தைப் பார்த்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தார். என்னுடையதைத் திருப்பிப் பின்பக்கமும் பார்த்தார். பின்பக்கம் ஒன்றுமில்லை.

"சார் இப்ப என்ன பண்றீங்க?"

"பண்ணை."

"அதுக்கு முன்னாடி?"

"படிச்சேன்."

"சரிங்க சார். உங்களை 'உடன் வருபவர்'னு போட்டுக்கறேன்."

உடன் வருபவனும் ஜெர்மன் முதல் நிலைத் தேர்வில் பாஸாக வேண்டுமாம். ராசிபுரம் தாண்டும் வரை நான் பேசவில்லை. "கோவமா?" என்றாள் சத்யா. யாருக்கு, எனக்கா என்றேன். அதற்கப்புறம் எருமப்பட்டி வரும்வரை அவள் பேசவில்லை.

2023 அக்டோபர் 3

அம்மா ஆரம்பித்துவிட்டார். "சீக்குக்காரங்களைப் பாக்க அத்தனை தூரம் போகோணுமா? நாமக்கல்லுல சீக்குக்காரங்களே இல்லாமப் போயிட்டாங்களா?"

"இருக்காங்க அத்தை. இங்க நான் ஒருத்தியே பதினாறு பேரைப் பாக்கறேன். அங்க நாலஞ்சு பேரைப் பாத்தாப் போதும். பத்து வருசம் கழிச்சும் எனக்கு இடுப்பு இருக்கும்."

அம்மா உடனே தன் இடுப்பைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

2023 அக்டோபர் 9

வகுப்பில் சேர்ந்தேன். மோகனூர் ரோட்டில் டயர் கடைக்கு மேல் மாடி. பதினைந்து நர்ஸுகள், நான். மேடம் பேர் வெண்ணிலா. என்னைவிட எட்டு வயது இளையவர். என்னை "சார்" என்கிறார், அதுதான் இன்னும் சங்கடம்.

முதல் பாடம், தன் பெயரை எழுத்து எழுத்தாகச் சொல்வது. இங்கிலீஷில் ஏ என்பதை அங்கே 'ஆ' என்கிறார்கள். ஈ என்பதை 'ஏ' என்கிறார்கள். ஜே என்பது 'யோட்'. நான் பழைய பழக்கத்தில் சொல்லச் சொல்ல, மேடம் அதை ஜெர்மன் எழுத்தாகவே எடுத்துக்கொண்டு போர்டில் எழுதினார். ஜெகதீஸ்வரனைக் காணோம். வேறு யாரோ வந்து நின்றார், ரஷ்யாக்காரர் போலிருந்தது.

நர்ஸுகள் சிரிக்கவில்லை. நோயாளியைப் பார்ப்பது போல் பார்த்தார்கள்.

2023 அக்டோபர் 22

ஒரு எழுத்து இருக்கிறது. உதட்டை விசிலடிக்கிற மாதிரி குவித்துக்கொண்டு 'ஈ' என்று சொல்ல வேண்டும். சாயங்காலம் நானும் சத்யாவும் எதிரெதிரே உட்கார்ந்து பழகினோம்.

அம்மா எங்களிடம் கேட்கவில்லை. அப்பாவிடம் சொன்னது காதில் விழுந்தது: "ரெண்டு பேரும் பேசறதையே உட்டுட்டு விசிலடிச்சுக்கறாங்க."

2024 பிப்ரவரி 16

சத்யா பி-டூ பாஸ். அது ஜெர்மன் தேர்வில் நான்காவது படி. நான் முதல் படியில் நின்று அண்ணாந்து பார்க்கிறேன். காஸல் என்ற ஊரில் ஒரு ஆஸ்பத்திரி அவளை எடுத்துக்கொண்டது. வேலைக்கான ஒப்பந்தமும் வந்துவிட்டது.

அம்மா ஒரே நாளில் கட்சி மாறிவிட்டார். சந்தையில் பார்ப்பவர்களிடமெல்லாம், "என்ற மருமவ ஜெர்மனி போறா." பையன் போகலையா என்று கேட்டால், "அவனும் போறான். படிச்சுக்கிட்டு இருக்கறான்." எட்டாம் வகுப்புப் பையனைச் சொல்வது மாதிரி.

2024 மார்ச் 19

சென்னை. தேர்வு. எழுத்துத் தேர்வு ஒருவழியாகப் போனது. பேச்சுத் தேர்வில் ஒரு அட்டையை நீட்டினார்கள். தண்ணீர் பாட்டில் படம். 'குடிக்கக் கொஞ்சம் தண்ணீர் கிடைக்குமா' என்று கேட்க வேண்டும், அவ்வளவுதான். எனக்கு நிஜமாகவே தொண்டை வறண்டிருந்தது. தண்ணீர் நிஜமாகவே வேண்டும். ஒரு வார்த்தைகூட வரவில்லை. தேர்வு வைத்த பெண்மணி என் முகத்தைப் பார்த்துவிட்டு எழுந்து போய் ஒரு டம்ளர் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார். குடித்துவிட்டு, "ரொம்ப நன்றிங்க" என்றேன். தமிழில்.

2024 மார்ச் 30

ஃபெயில்.

2024 ஏப்ரல் 2

எழுத வேண்டாம் என்றுதான் நினைத்தேன்.

சத்யா துணி மடித்துக்கொண்டிருந்தாள். நிமிரவே இல்லை. "ஏனுங்க, ஒண்ணு கேக்கறேன். ஃபெயிலானதுல உங்களுக்கு வருத்தமா, சந்தோசமா?"

கத்தினேன். எனக்கு மொழி வராது, அதற்கு நான் என்ன பண்ணுவது என்றேன்.

"கல்யாணத்துக்கு முன்னாடி மூணு மாசம் போன்ல பேசினீங்களே. என்னைப் பேச உட்டீங்களா? உங்களுக்குப் பேச்சு வராதா?"

நான் ஃபேன் சுவிட்சைப் போட்டேன், அணைத்தேன்.

"வரப் பிடிக்கலைன்னா சொல்லீருங்க. நான் தாங்கிக்குவேன். ஜெர்மன் மேல பழி போடாதீங்க." மடித்த துணியை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். அதில் என் சட்டைகளும் இருந்தன. என் அலமாரியில்தான் வைத்தாள், கவனித்தேன்.

பயமா இருக்குது. அதான் நெசம். இங்க நான் அப்புசாமி மகன், என்ஜினியர். பண்ணையில கோழி எரு மிதிச்சாலும் என்ஜினியர். அங்க போயி நீ ஆருன்னு கேட்டா — சத்யா ஊட்டுக்காரன். அவ வேலைக்குப் போவா, நான் ஜன்னலைப் பாத்து உக்காந்திருக்கோணும். இதை அவகிட்டச் சொல்ல முடியுமா? சொன்னா என்னை என்னன்னு நெனைப்பா?

2024 ஏப்ரல் 3

சொல்லிவிட்டேன். பால் காய்ச்சிக்கொண்டிருந்தாள். கேட்டுவிட்டு, "நான் இந்த ஊட்டுக்கு வந்தப்ப ரெண்டு வருசம் எல்லாரும் என்னை என்ஜினியர் சம்சாரம்னுதான் சொன்னாங்க. நான் செத்தா போயிட்டேன்?" என்றாள்.

பால் பொங்கிவிட்டது. இரண்டு பேருமே அடுப்பை அணைக்கவில்லை.

2024 ஜூன் 8

சத்யா போய்விட்டாள். சென்னை ஏர்போர்ட் வாசலில் அம்மா அவள் கையில் ஒரு டப்பா எள்ளுருண்டையைத் திணித்தார். "அங்க யாரையும் நம்பி எதையும் வாங்கித் திங்காத சாமி." உள்ளே போகும் நேரத்தில் சத்யா என்னிடம் ஜெர்மனில் ஏதோ சொன்னாள். தலையாட்டினேன். புரியவில்லை என்று அவளுக்குத் தெரியும்.

2024 ஜூன் 9

காலையில் இரண்டாவது ஷெட்டில் ஃபேன் ஓடவில்லை. பேனலைப் பிரித்து ஒயர் மாற்றி ஓட வைத்தேன். மற்றபடி ஒன்றுமில்லை. வீட்டில் மஞ்சள் காகிதங்கள் அப்படியே இருக்கின்றன.

2024 ஜூலை 14

ஒரு உபாயம் கண்டுபிடித்தேன். எனக்கு மனிதர்கள் முன்னால்தான் வாய் வராது. அதனால் ஷெட்டுக்குள் போய்க் கோழிகளிடம் பேசுகிறேன். "வணக்கம். என் பெயர் ஜெகதீஸ்வரன். நான் இந்தியாவிலிருந்து வருகிறேன்." ஆயிரக்கணக்கான தலைகள் ஒரே சமயத்தில் திரும்பிப் பார்க்கின்றன. இந்த மாதிரி மரியாதையான கூட்டம் எந்த மேடையிலும் கிடைக்காது. தப்பாகச் சொன்னாலும் தலையைச் சாய்த்துக் கேட்கின்றன.

2024 ஜூலை 27

தீவன மூட்டை இறக்க வந்த சடையன் ஷெட்டுக்கு வெளியில் நின்று ரொம்ப நேரம் கேட்டிருக்கிறான். நேரே அம்மாவிடம் போய், "உங்க பையனுக்கு ஒடம்பு செரியில்லீங்க போலிருக்குது. கோழிகிட்டப் போயி எந்திரிச்சு நின்னு அட்ரசு சொல்றாருங்க" என்றானாம்.

சாயங்காலமே கருப்பனார் கோயிலுக்குக் கூட்டிப்போய் வலது கையில் கறுப்புக் கயிறு. பாடம் படிக்கிறேன் என்று பூசாரியிடம் எவ்வளவோ சொன்னேன். "எல்லாரும் அப்படித்தானுங்க சொல்லுவாங்க" என்று இரண்டாவது முடிச்சும் போட்டுவிட்டார்.

சத்யாவிடம் போனில் சொன்னேன். சிரித்துச் சிரித்து, பிறகு திடீரென்று அழுதாள். என்ன என்றேன். ஒன்றுமில்லை, நான்கு நாளாக யாரோடும் சிரிக்கவில்லை என்றாள். அங்கே நோயாளிகள் பேசுவது புத்தகத்து ஜெர்மன் இல்லையாம், பாதி வார்த்தையை விழுங்கிவிடுகிறார்களாம். ஒரு கிழவர் இவள் பேசுவது புரியவில்லை என்று மணியடித்து வேறு நர்ஸைக் கூப்பிட்டாராம்.

பி-டூ பாஸ் பண்ணினவளுக்கே அப்படியா?

இதுவரை அவளுக்குப் பயம் இருக்கும் என்றே நான் நினைத்ததில்லை.

2024 அக்டோபர் 21

மறுபடி சென்னை. மறுபடி தேர்வு. அட்டையில் 'ஞாயிற்றுக்கிழமை' என்று இருந்தது. எதிரில் கேரளாக்காரர் ஒருவர், அவரும் நர்ஸ் புருசன்தான், என்னைவிட நடுங்கிக்கொண்டிருந்தார். அவர் முகத்தைப் பார்த்ததும் எனக்குத் தைரியம் வந்துவிட்டது. "நீங்கள் ஞாயிற்றுக்கிழமை என்ன செய்வீர்கள்?" என்று கேட்டேன். அவர், "என் மனைவிக்கு போன் செய்வேன்" என்றார். நானும் அதையே சொன்னேன்.

2024 நவம்பர் 4

பாஸ். அறுபது எடுக்க வேண்டும், அறுபத்தொன்று. அம்மா, "நூத்துக்கு அறுபத்தொண்ணா? மார்க்கை வெளிய சொல்லாத சாமி, பாஸுன்னு மட்டும் சொல்லு" என்றார்.

2024 நவம்பர் 10

அப்பாவிடம் பண்ணையைப் பற்றிப் பேச ஒரு வாரமாகத் தள்ளிப்போட்டேன். இன்று அவரே பேசினார். தண்ணீர்த் தொட்டி ஓரம் உட்கார்ந்திருந்தோம்.

"பண்ணையைக் குத்தகைக்கு உட்டுடலாம். பக்கத்துத் தோட்டத்து வேலுமணி கேட்டுக்கிட்டு இருக்கறான்."

"நீங்க என்னப்பா பண்ணுவீங்க?"

"காலைல தூங்குவேன்." தொட்டித் தண்ணீரில் கையை அலம்பினார். "உன்னைய என்ஜினியருக்குப் படிக்க வெச்சது நீ இதுல கெடக்கக் கூடாதுன்னுதான். வேலை கெடைக்காம நீ திரும்பி வந்தப்ப, எனக்கு ஒத்தாசையாப் போச்சு. அதனால வாயத் தொறக்காம இருந்துட்டேன். இப்ப அந்தப் புள்ள இழுத்துக்கிட்டுப் போறா. போ."

"நான் அங்க என்ன வேலை பாப்பேன்னே தெரியலைங்கப்பா."

"இங்க மட்டும் தெரிஞ்சா பாத்த?"

2025 மார்ச் 2

காஸல். ஏர்போர்ட்டிலிருந்து ரயில், பிறகு பஸ். சத்யா பஸ் டிரைவரிடம் ஏதோ விசாரித்தாள், அவர் சிரித்தார், இவளும் சிரித்தாள். எனக்கு இரண்டு வார்த்தை புரிந்தது. இரண்டும் எண்கள். வீடு சின்னது. வெளியே எட்டு டிகிரி, இது வசந்தமாம். அவள் மெலிந்திருக்கிறாள். முடியைக் குட்டையாக வெட்டியிருக்கிறாள். நன்றாக இருக்கிறது. அதை ஜெர்மனில் சொல்ல முயன்றேன். 'உன் முடி சின்னப் பையன்' என்று அர்த்தம் வந்ததாம்.

2025 ஏப்ரல் 29

வேலைவாய்ப்பு அலுவலகம். சத்யா லீவு போட்டுக் கூட வந்தாள். அதிகாரி என் பி.இ.யை மரியாதையாகப் பார்த்தார், மரியாதையாக மூடினார். இதை வைத்து இங்கே என்ஜினியராக முடியாது. மேலே படித்தால் பார்க்கலாம். "சரி, உங்களுக்கு என்ன வேலை செய்யத் தெரியும்?"

நான் விழித்தேன். சத்யா தமிழில், "ஃபேனு, ஜெனரேட்டரு, பேனலு. ஆளைக் கூப்பிடாம நீங்களே ரிப்பேர் பண்ணுவீங்களே, அதைச் சொல்லுங்க" என்றாள்.

"அது வேலையா? அது சும்மா—"

"சொல்லுங்க."

சொன்னேன். கோடையில் கரண்ட் போய் ஃபேன் நின்றால் ஒரு மணி நேரத்தில் ஷெட் முழுக்கச் செத்துவிடும், அதனால் கற்றுக்கொண்டேன் என்று உடைந்த ஜெர்மனில் சொன்னேன். அந்த மனுசன் அப்போதுதான் பேனாவை எடுத்தார். எலக்ட்ரீசியன் பயிற்சி, மூன்றரை வருசம், சம்பளத்தோடு. அதற்கு முன்னால் இன்னும் ஜெர்மன்.

திரும்பி வரும்போது எனக்குக் கோபமா வெட்கமா என்று தெரியவில்லை. நான்கு வருசம் கல்லூரிக்குப் போனதை யாரும் கேட்கவில்லை.

2025 செப்டம்பர் 1

பயிற்சி முதல் நாள். கூடப் பயிற்சிக்கு வந்த பையன்கள் என்னை வாத்தியார் என்று நினைத்து எழுந்து நின்றார்கள். எல்லாருக்கும் பதினேழு, பதினெட்டு வயது. நானும் அவர்கள் வரிசையில் போய் உட்கார்ந்தேன். முதல் வேலை, பட்டறையைக் கூட்டுவது.

2025 நவம்பர் 16

ஞாயிறு. சத்யா நைட் டூட்டி முடித்து வந்து தூங்குகிறாள். திரையை இழுத்து விட்டிருக்கிறேன். அரிசி ஊறப்போட்டாயிற்று.

ராசிபுரத்திலிருந்து கௌசிக் கூப்பிட்டான், சித்தப்பா மகன், கடைசி வருசம் என்ஜினியரிங். "அண்ணா, அங்க நம்மளை மாதிரி என்ஜினியருக்கு வேலை இருக்குதுங்களா?"

"உன் காலேஜ்ல நர்சிங் பிள்ளைங்க இருக்காங்களா?" என்றேன்.

"அண்ணா, நான் நெசமாக் கேக்கறேனுங்க."

"நானும் நெசமாத்தான் சொல்றேன். இல்லைன்னா கையில ஒரு வேலை கத்துக்கிட்டு வா."

கொஞ்சம் தயங்கிவிட்டு, "நீங்க அங்க என்னண்ணா பண்றீங்க?" என்றான்.

"சத்யா ஆஸ்பத்திரியில இருக்கறா. நான் எலக்ட்ரீசியனுக்குப் படிக்கறேன். மொதல் வருசம்."

"எலக்ட்ரீசியனுக்கா?" என்று இரண்டு தடவை கேட்டான். இரண்டு தடவையும் ஆமாம் என்றேன். வெக்கறேன் கௌசிக், நாளைக்கு எனக்கு டெஸ்ட் இருக்கு, சத்யா தூங்கறா, மெதுவாத்தான் பேசணும் என்று சொல்லி வைத்துவிட்டு வந்து படிக்க உட்கார்ந்தேன்.