லோவெச்சில் நீ செத்துப்போன வாரம்

அன்புள்ள கலினாவுக்கு அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் நன்றாகவே இருக்கிறோம். நீயும் லிஸ்பனில் நன்றாக இருக்கிறாய் என்று ஊரெல்லாம் சொல்லிச் சொல்லி எனக்குத் தொண்டை கட்டிவிட்டது, எல்லாம் நீ அனுப்பிய சுவரொட்டியால் வந்த வினை.

நீ கேட்டபடியேதான் ஒட்டினேன். ஊரை விட்டுப் போன அந்தப் பத்தொன்பது வயதுப் பெண் இப்போது இல்லை, அவளைப் பற்றி நினைவிருப்பதை எழுதித் தாருங்கள், என் கண்காட்சியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் வாசிக்கப்போகிறேன் என்று கீழே பொடி எழுத்தில் போட்டிருந்தாய், யார் படித்தார்கள்? சுற்றிலும் கறுப்பு ஓரம், நடுவில் உன் படம். நம் லோவெச்சில் அப்படி ஒன்றை மரத்திலும் கதவிலும் ஒட்டினால் சாவு அறிவிப்பு என்றுதான் அர்த்தம் என்பது உனக்கு மறந்துவிட்டதா? எனக்குந்தான் புத்தி எங்கே போயிற்றோ. பசை காய்வதற்குள் எதிர்வீட்டு கீனா, சாவு வீட்டுக்குக் கொண்டுபோகிற மாதிரி வேகவைத்த கோதுமையில் சர்க்கரை தூவி எடுத்துக்கொண்டு வந்து, ஐயோ தங்கமான பொண்ணாச்சே, என் செர்ரி மரத்துல ஒரு பழம் விட்டு வெச்சதில்லையே என்று அழுகிறாள். அவ உயிரோடதான் இருக்கா கீனா, இது கலை என்றேன். என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, பாவம், துக்கத்துல என்னென்னவோ பேசுது என்று பின்னால் வந்தவளிடம் சொல்கிறாள். சாயங்காலத்துக்குள் அடுப்படி முழுக்கக் கோதுமைக் கிண்ணம்.

மீன்பிடிக்கப் போயிருந்த அப்பாவிடம் நான் முன்கூட்டிச் சொல்லவில்லை. மருந்துக்கடை வேலையை விட்டுவிட்டு நீ இந்த வழிக்குப் போனதிலிருந்து உன்னோடு பேசாதவர், யாராவது கேட்டால் மருந்துக்கடையில இருக்கா என்று இன்னமும் சொல்லிக்கொண்டிருக்கிறவர், அவரிடம் எப்படிச் சொல்வேன்? ஆற்றுப் பாலத்துக் கம்பத்தில் உன் முகத்தைப் பார்த்திருக்கிறார். அங்கிருந்து வீடு வரை நீ இல்லை என்றே நினைத்து நடந்து வந்திருக்கிறார், கலினா. வாசல் படியில் உட்கார்ந்து, கடைசி வரைக்கும் பேசாமலே இருந்துட்டேனே ஸ்தாங்கா என்றார். விஷயத்தைச் சொன்னதும் உன்னையும் என்னையும் சேர்த்து வைத்து நன்றாகத் திட்டினார், குரல்தான் ஒரு நிலையில் இல்லை.

மறுநாள் சுவரொட்டிகளைச் சுரண்டியெடுக்க வாளியும் சுரண்டியுமாகக் கிளம்பிவிட்டார், நானும் பின்னாலேயே போனேன். வருகிறவர்கள் எல்லாம் தொப்பியைக் கழற்றிவிட்டுக் கையைப் பிடிக்க, சாகல்லாம் இல்லய்யா, லிஸ்பன்ல இருக்கா என்று சுரண்டிக்கொண்டே சொன்னார். அங்கயும் மருந்துக்கடைதானா என்று ரொட்டிக்கடைக்காரர் கேட்டார். அப்பா சுரண்டுவதை நிறுத்திவிட்டு, இல்ல, என் பொண்ணு ஆர்ட்டிஸ்ட், இது அவ செஞ்ச வேலைதான் என்றார். அப்புறம் மரத்துக்கு மரம் அதையே சொன்னார், கடைசியில் யாரும் கேட்காமலே சொன்னார்.

நேரத்துக்குச் சாப்பிடு, ஈரத் தலையோடு வெளியே போகாதே. பொய்யாகச் சாவுச் செய்தி பரவினால் ஆயுசு கூடுமாம், கீனாதான் சொன்னாள், அப்படியே ஆகட்டும், கடவுள் உன்னோடு இருக்கட்டும். ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு நான் தனியாகப் போகிறேன், அப்பா வீட்டில் இருப்பார். அந்த நேரம் பார்த்து வீட்டுக்குப் போன் போடு. எடுத்துவிட்டு ஒன்றும் பேசாமல் நின்றாலும் வைத்துவிடாதே.

உன் அம்மா
ஸ்தாங்கா