பாட்டுக்குள் என் குரவை

சாய்ந்தமருது
20.08.2025

அன்பு மகள் சிபானாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். இங்கே வாப்பா, தங்கச்சி நிப்லா, நான் மூவரும் அல்லாஹ்வின் கிருபையால் உடம்புக்குக் குறையில்லாமல் இருக்கிறோம், கோலாலம்பூரில் நீயும் அப்படியே இருக்க வேண்டும் என்று ஐந்து வேளையும் கேட்கிறேன். இன்று சுபஹு தொழுதுவிட்டு முதல் வேலையாக, தேத்தண்ணிக்குக்கூடக் குசினி அடுப்பை மூட்டாமல், நேற்று வாப்பா அச்சகத்திலிருந்து கொண்டுவந்து வைத்த பார்சலைப் பிரித்தேன். நிப்லாவின் கலியாண அழைப்பிதழ், தடித்த மட்டை, பொன் எழுத்து. 'மஜீட் – ஜெமீலா தம்பதியரின் ஏக புதல்வி' என்று இருந்தது. அச்சுப் பிழையாக்கும் என்று அடியிலிருந்து இன்னொன்றை உருவிப் பார்த்தேன், அதிலும் அப்படித்தான். வாப்பா பல் துலக்கிக்கொண்டே வந்து, நான்தான் அப்படிப் போடச் சொன்ன, மாப்பிள்ள வீட்டாக்கள் கேக்கல்ல, கேக்கிறதுக்கு முந்தி நாமளே போட்டா நமக்கு மரியாததானே என்றார். தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தேன்.

இதைப் பள்ளிக்கூடத்தில், ஆசிரியர் அறையில், திருத்தாத கொப்பிக் கட்டுக்குப் பின்னால் இருந்து எழுதுகிறேன். என் போனை இப்போது வாப்பாவும் பார்க்கிறார், நிப்லாவும் பார்க்கிறாள். முஸ்பிறா டீச்சரின் மகன் வெள்ளிக்கிழமை உன் பக்கம் திரும்புகிறான், அவன் கையில் இது வரும். மாப்பிள்ளை ஹிஷாம் நல்ல பிள்ளை, மருதமுனையில் பாமசி வைத்திருக்கிறார், தலை நிமிர்ந்து கதைக்கவும் கூச்சப்படுகிறார். அவருடைய உம்மாதான் பெண் பார்க்க வந்த அன்றே, புள்ளையில ஒரு குறையும் இல்ல, ஆனா பாட்டுக்காறிட தங்கச்சியக் கட்டினவன் எண்டு என்ட மகன ஊர் கதைக்கப்படாது, மூத்தவ வராம இரிந்தா எல்லாருக்கும் நல்லம் என்று சொன்னார். நான் ஓம் என்றேன் மகள். பெற்று இருபத்திநாலு வருடம் வளர்த்த பிள்ளையை ஒரு தட்டு தொதலை நீட்டிக்கொண்டே ஓம் என்று விட்டுக்கொடுத்தேன். போன கிழமை நீ கதைத்தபோது எனக்கு லீவு கிடைக்காது உம்மா என்று நீயாகவே சொன்னாய். இங்கிருந்து யாரோ உனக்குச் சொல்லிவிட்டார்கள் என்று எனக்கு விளங்கியது.

உன் பாட்டு வந்து நாலு மாதம் ஆகிறது, இங்கே திரீவீலில்கூடப் போகிறது. திட்டுகிறவர்களுக்கும் அது மனப்பாடம். மேளம் எல்லாம் ஒரு நொடி நின்று, அந்த இடத்தில் ஒரு பெண் நாக்கைச் சுழற்றிக் குரவை இடுகிறாள், அதற்குப் பிறகுதான் எல்லோரும் குதிக்கிறார்கள். உனக்கு விசா வந்த அன்று குசினிக் கதவைச் சாத்திக்கொண்டு சந்தோஷத்தில் நான் போட்ட குரவை அது. நீ போனில் பிடித்து வைத்திருந்தாய் என்று எனக்குத் தெரியும், பாட்டுக்குள் வைப்பாய் என்று தெரியாது. கலியாண வீடுகளில் குரவை கூடாது என்று பள்ளிவாசல் பயானில் சொன்ன வருடத்தோடு நம் தெருவில் எல்லோரும் வாயை மூடினோம், நானும் மூடினேன், அதனால் என் குரவை எப்படி இருக்கும் என்பதை ஊர் மறந்துவிட்டது. போன ஞாயிறு சபூறா மாமி நம் வீட்டில் இருந்தே உன் வீடியோவைப் பார்த்து, என்னகா உடுப்பு இது, தையல்காரனுக்குத் துணி காணாமப் போச்சோ என்று சிரித்தார். பிறகு, அந்தக் குரவ மட்டும் நல்லா இரிக்கி, எந்த ஊட்டுப் பொம்புளயோ, வெக்கங்கெட்டவள் என்றார். நான் பக்கத்தில் இருந்து தேங்காய் துருவிக்கொண்டிருந்தேன். விரல் நுனியையும் சேர்த்துத் துருவிவிட்டேன். நிப்லா என்னைப் பார்த்தாள், அவளுக்கு மட்டும் தெரியும் போல. அன்று பின்னேரம் வந்து, ராத்தா கொஞ்ச நாளைக்குப் பாடாம இரிந்தாத்தான் என்ன உம்மா என்று அழுதாள். அவளையும் குற்றம் சொல்ல முடியாது, அவளுக்கு அவள் கலியாணம்.

நீ அங்கே சுகமாக இருந்தால் நான் இதை எல்லாம் விழுங்கிவிடுவேன். ஆனால் நீயும் அடைபட்டுத்தானே இருக்கிறாய். கணக்கியல் படிக்கப் போன பிள்ளை, கூட்டாளியின் பிறந்தநாளில் பாடி, ஒரு பாட்டுக் கம்பனிக்காரன் கண்ணில் பட்டு, மூன்று வருடத்தில் பினாங்கு, ஜொகூர், சிங்கப்பூர் என்று மேடை ஏறிவிட்டாய். பேர் மட்டும் 'ஸீபா' என்று அவர்கள் வைத்த பேர். பேட்டியில் கொழும்பு என்று சொல்லச் சொல்கிறார்கள், சாய்ந்தமருது என்றால் யாருக்கும் விளங்காதாம். உடம்பு வைக்கக் கூடாது என்று சோறும் ஒரு வேளைதான். நீ எழுதி வைத்த மெதுவான பாட்டுகள் கொப்பியிலேயே கிடக்கின்றன, இன்னும் இரண்டு வருடம் அவர்கள் சொல்லுகிற துள்ளல் பாட்டைத்தான் பாட வேண்டும் என்று கையெழுத்துப் போட்டுவிட்டாய். அங்கே ஊரை அழிக்கிறார்கள், இங்கே உன்னை அழிக்கிறோம். உன் ஆட்டம் எல்லாம் எனக்குப் பிடிக்கிறது என்று பொய் சொல்ல மாட்டேன், சில இடங்களில் கண்ணை மூடிக்கொண்டு காதால் மட்டும் கேட்கிறேன். ஆனாலும் அந்த ஒப்பந்தத் தாளை விஷயம் தெரிந்த ஒரு லோயரிடம் காட்டு, நான் சொன்னேன் என்று வை. ஐஸ் தண்ணி குடிக்காதே. மேடைக்கு ஏறும் முன் ஆயத்துல் குர்ஸி ஓது, இறங்கிய பிறகு ஒரு பிடி சோறாவது தின்னு.

இனி நான் யாரிடமும் சொல்லாததை உனக்கு எழுதுகிறேன். செப்டம்பர் பதினாலு ஞாயிற்றுக்கிழமை, அஸர் தொழுகைக்குப் பிறகு பள்ளிவாசலில் நிக்காஹ். ஐந்தரை மணிபோல ஹிஷாம் நம் வாசலுக்கு வருவார், உனக்கு அப்போது எட்டு மணி. நிக்காஹ் முடிவதற்கு முன் நான் மூச்சுக் காட்ட மாட்டேன், நிப்லாவின் வாழ்க்கையில் கை வைக்க மாட்டேன். அவர் வலது காலை எடுத்து நம் வீட்டுப் படியில் வைக்கும்போது, பெண்கள் எல்லோரும் முன்னுக்கு நிற்கும்போது, நான் குரவை போடப்போகிறேன். குசினிக்குள் இல்லை, வாசலில், முழு மூச்சோடு. சபூறா மாமிக்கும் மாப்பிள்ளையின் உம்மாவுக்கும் அது எந்த வீட்டுப் பெண் என்று அந்த நிமிஷமே விளங்கும். பிறகு வாப்பா என்னோடு எத்தனை நாள் கதைக்காமல் இருப்பார் என்று தெரியாது, நிப்லா என்னை மன்னிப்பாளோ தெரியாது. பயமாகத்தான் இருக்கிறது, நேற்று யாரும் இல்லாத நேரம் போட்டுப் பார்த்தேன், பாதியில் நின்றுவிட்டது. இன்னும் இருபத்தைந்து நாள் இருக்கிறது.

அன்றைக்கு உன் போனைக் கையில் வைத்திரு. நிப்லாவின் கூட்டாளிகள் நேரடியாக வீடியோ போடுவார்கள். அல்லாஹ் உன் குரலையும் உன் மானத்தையும் காப்பானாக. நம் ஊர்ப் பேரை வாயில் எடுக்க உனக்குத் துணிவைத் தருவானாக.

இரண்டு புதல்வியரின் உம்மா,
ஜெமீலா