மடியில் இருந்த பை

ஐப்பசி 11, செவ்வாய்

வெள்ளிமலையில் காலையிலிருந்து சாரல். துவைத்த துணி மூன்று நாளாகக் காயவில்லை. சத்துணவுக்கு முட்டை வரவில்லை. பிள்ளைகளிடம் பொய்க் காரணம் சொன்னேன்.

வக்கீல் போன். பதில் மனு தயாராம். வியாழக்கிழமை கள்ளக்குறிச்சிக்கு வந்து கையெழுத்துப் போட வேண்டுமாம். கலைவாணி போட்ட வழக்கு. சான்றிதழ் சரிபார்ப்புக்கு அவள் வந்திருந்தும் ஆப்சென்ட் போட்டுவிட்டார்களாம். அதனால்தான் டீச்சர் வேலை எனக்கு வந்ததாம்.

அவள் சொல்வது உண்மைதான். வேறு யாரிடமும் சொல்ல முடியாது, இங்கே எழுதி வைக்கிறேன்.

12, புதன்

மூன்றாம் வகுப்பு. வருகைப் பதிவு. செல்வி பெயருக்குப் பதில் இல்லை. பக்கத்துச் சிறுமி எழுந்தாள்.

"அவ வந்துக்கிறா டீச்சர். தண்ணி குடிக்கப் போயிக்கிறா. பை என்னாண்டதான் கீது."

எட்டு வயது. அவளுக்கு இருந்த வாய் எனக்கு இல்லை.

சரிபார்ப்பு அன்று கலைவாணியும் அப்படித்தான். "பையப் பாத்துக்கோங்கக்கா, ஜெராக்ஸ் எடுத்துனு வந்துடறேன்." என் மடியில் வைத்துவிட்டு ஓடினாள். அந்த நேரம் பார்த்து அவள் பெயரைக் கூப்பிட்டார்கள். மூன்று முறை. எங்கள் பிரிவில் ஒரே இடம். பட்டியலில் அவளுக்கு அடுத்தது நான். பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு தரையைப் பார்த்தேன்.

சாயங்காலம் வீட்டுக்காரர் போனில்: "உண்மையெல்லாம் இப்ப இன்னாத்துக்கு? சைன் போட்டுனு வா."

மறக்காமல்: சோப்பு, கொசுவர்த்தி, சிவப்பு மை.

13, வியாழன்

மலைப்பாதையில் குமட்டல். வக்கீல் ஆபீசில் ஃபேன் ஓடவில்லை. ஆறாம் பத்தி: 'மனுதாரரை எனக்கு முன்பின் தெரியாது. அன்று அவரைப் பார்க்கவும் இல்லை.'

"சார், இத மட்டும் எடுத்துட முடியாதுங்களா?"

"எடுத்துடலாம்மா. வேல போயிடும். பரவால்லீங்களா?"

எல்லாப் பக்கத்திலும் கையெழுத்துப் போட்டேன்.

அவள் மனுவையும் படித்தேன். 'அருகிலிருந்த ஒரு சகோதரியிடம் பையைக் கொடுத்துவிட்டுச் சென்றேன்.' அவ்வளவுதான். அந்தச் சகோதரி நான் என்று அவளுக்குத் தெரியாது. என்னைப் பற்றி ஒரு குறை இல்லை. திட்டியிருந்தால் தேவலை.

திரும்பும் பஸ்ஸில் கூட்டம். நின்றிருந்த பெண் ஒருத்தி, எல்லோரும் செய்வதுபோல், தன் பையை என் மடியில் வைத்தாள். எனக்கு உடம்பெல்லாம் வேர்த்துவிட்டது.

"கச்சிராயபாளையம் வந்துடுச்சாங்க?"

"இன்னும் வரல" என்றேன். என் குரலே எனக்குப் பயமாக இருந்தது.

இதைக் கலைவாணி தன் மனுவிலும் எழுதவில்லை, வக்கீலிடமும் நான் சொல்லவில்லை. அன்று ஜெராக்ஸ் எடுத்துக்கொண்டு மூச்சிரைக்க வந்து கேட்டாள்.

"எம்பேரு கூப்ட்டாங்களாக்கா?"

"இன்னும் கூப்பிடல."

நம்பினாள். என் பக்கத்திலேயே உட்கார்ந்தாள். மதியம் அந்தப் பையிலிருந்து எலுமிச்சைச் சோறு எடுத்துப் பாதியை எனக்குக் கொடுத்தாள்.

சாப்பிட்டேன்.